கல்பாக்கத்தில் அணு அவசரநிலை வந்தால் வீட்டில் செய்ய வேண்டியவை

சென்னைக்குத் தெற்கே ஏறத்தாழ 70 கிலோமீட்டர் தொலைவில் கல்பாக்கம் அணுமின் நிலையம் இருக்கிறது. 2004 டிசம்பர் 26 அன்று ஆழிப்பேரலை நீர் அதன் பம்பு அறைக்குள் புகுந்தபோதும், ஓடிக்கொண்டிருந்த உலை பாதுகாப்பாக நிறுத்தப்பட்டது. ஆனாலும் அவசரநிலைக்குத் தயாராக இருப்பது நம் பொறுப்பே.

நிலையத்தைச் சுற்றி 16 கிலோமீட்டர் வரையுள்ள பகுதிக்கு அவசரகாலத் திட்டம் உண்டு; சதுரங்கப்பட்டினம், புதுப்பட்டினம், மாமல்லபுரம் ஆகியவை அதற்குள் அடங்கும். அங்கே வெளியேறும் உத்தரவை மாவட்ட நிர்வாகம்தான் தரும். சென்னைவாசிகள் பதறிப்போய்க் கிழக்குக் கடற்கரைச் சாலையிலும் பழைய மகாபலிபுரம் சாலையிலும் வண்டிகளை இறக்கினால், அந்த ஊர் மக்களை ஏற்றிவரும் பேருந்துகள்தான் நெரிசலில் சிக்கும். 2011இல் ஜப்பானின் ஃபுகுஷிமா அணுமின் நிலைய விபத்தின்போது போதிய மருத்துவக் கவனிப்பின்றி அவசரமாக இடம் மாற்றப்பட்ட முதிய நோயாளிகள் பலர் உயிரிழந்தனர். எனவே படுக்கையில் இருப்பவர்களை எப்படி, யார் துணையோடு அழைத்துச் செல்வது என்பதை முன்கூட்டியே முடிவு செய்துவையுங்கள்.

வீட்டுக்குள் இருக்கச் சொன்னால் உடனே உள்ளே வந்து, கதவு சன்னல்களை மூடி, ஏ.சி.யையும் சமையலறையின் எக்ஸாஸ்ட் விசிறியையும் நிறுத்திவிட்டு, கதவிடுக்குகளை ஈரத்துணியால் அடையுங்கள். நம் வீடுகளில் குளியலறைச் சன்னல் பெரும்பாலும் திறந்த கண்ணாடிப் பட்டைகளாகவே இருப்பதால், அதை மறைக்கத் தடித்த பிளாஸ்டிக் தாளும் ஒட்டுநாடாவும் இப்போதே வாங்கிவைக்கலாம். சம்ப், கிணறு இவற்றின் மூடிகளையும் சரிபாருங்கள். வெளியே இருந்து வந்தவர் மேலாடையை வாசலிலேயே கழற்றிப் பையில் கட்டிவைத்து, சோப்புப் போட்டுத் தலைமுதல் குளிக்க வேண்டும். உடலில் படிந்த கதிரியக்கத் தூசியில் பெரும்பகுதி ஆடையோடே போய்விடும். மின்சாரமும் கைப்பேசியும் தடைப்பட்டால் பேட்டரி ரேடியோவே துணை.

பொட்டாசியம் அயோடைடு மாத்திரை தைராய்டை மட்டுமே, அதுவும் கதிரியக்க அயோடினிடமிருந்து மட்டுமே காக்கும். கதிரியக்க அயோடின் உடலில் சேர்வதற்குச் சற்று முன்போ, சேர்ந்த சில மணி நேரத்துக்குள்ளோ உட்கொண்டால்தான் முழுப்பலன் உண்டு என்பதால், அறிவிப்பு வராமல் யாரும் விழுங்கக் கூடாது. வதந்தியைக் கேட்டு, காயத்துக்குப் போடும் டிங்க்சர் அயோடினைக் குடிப்பது ஆபத்து.

பாலில் மிகுந்த கவனம் வேண்டும். 1986 செர்னோபில் அணு உலை விபத்துக்குப் பின் பல குழந்தைகளுக்குத் தைராய்டு புற்றுநோய் வந்ததற்கு, கதிரியக்கத் தூசி படிந்த புல்லை மேய்ந்த மாடுகளின் பால் முக்கியக் காரணம். அந்தப் பாலில் சேர்ந்த கதிரியக்க அயோடினான அயோடின்-131 எட்டு நாளில் பாதியாகக் குறையும். ஆகவே மாடுகளைக் கொட்டகையில் கட்டி, மூடிவைத்த வைக்கோலையே போடுங்கள்; அனுமதி கிடைக்கும்வரை குழந்தைகளுக்கு முன்பே வாங்கிய பால் பவுடரைக் கலக்கிக் கொடுங்கள்.