புலிச்சோழியின் பளபளப்பைக் காப்பது எப்படி?

வேளாங்கண்ணி கடைத்தெருவில் விற்கும் புலிச்சோழி நம் கரையில் ஒதுங்குவதல்ல. டெல்டாக் கரை மணலும் சேறும். புலிச்சோழியோ பவளத்திட்டுகளில் வாழும் கடல்நத்தை. உயிரோடு இருக்கும்போது அதன் மென்தசை இருபக்கமும் மேலேறி ஓட்டைப் போர்த்தியிருக்கும். புள்ளிகளையும் கண்ணாடி போன்ற மேற்பூச்சையும் அடுக்கடுக்காக வைப்பது அந்தத் தசைதான். நத்தை செத்தபின் பூச்சு போனால் போனதுதான். எந்த பாலிஷாலும் அது திரும்பாது.

வாங்கும்போது புள்ளிகளின் ஓரத்தைப் பாருங்கள். அசல் புள்ளி ஓரம் கலங்கி, சில மேலாகவும் சில ஆழத்திலும் தெரியும். எல்லாமே கூர்மையாக ஒரே மட்டத்தில் இருந்தால் வண்ணம் பூசியதாக இருக்கலாம்; நெயில் பாலிஷ் ரிமூவர் தொட்ட பஞ்சால் ஓரமாக உள்ள ஒரு புள்ளியைத் துடைத்தால் சாயம் ஒட்டிவரும். முதுகு முழுக்க ஊதாவாக மின்னும் சோழி பெரும்பாலும் மேலடுக்கை நீக்கி அடியடுக்கை வெளிக்காட்டியது.

நாற்றம் வந்தால் உள்ளே சதை மிச்சம் இருக்கிறது என்று பொருள். வாளித் தண்ணீரில் 2 நாள் ஊறவைத்து, காலையும் மாலையும் தண்ணீரை மாற்றுங்கள். பிறகு வாய் கீழாகப் பிடித்து உதறி, முனை வளைத்த மெல்லிய கம்பியால் மிச்சத்தை இழுத்தெடுங்கள். சோழி வாயின் இருபக்கமும் உள்ள பற்களில் கம்பி உரசக்கூடாது. கொதிக்க வைக்காதீர்கள், திடீர்ச் சூட்டில் பூச்சில் மயிரிழை விரிசல் விழும். வாய் கீழாகத் துணிமேல் வைத்து நிழலில் 3, 4 நாள் உலர்த்துங்கள். அடைமழைக் காலத்தில் ஒரு வாரம் ஆகும். வெயிலில் நிறம் வெளுக்கும்.

பலரும் கெடுப்பது இங்கேதான்: பித்தளைக் குத்துவிளக்கைப் போலச் சோழியையும் புளி போட்டுத் தேய்ப்பது. ஓடு சுண்ணாம்புச் சத்து. புளி, எலுமிச்சை, வினிகர், பாத்ரூம் ஆசிட் எதுவானாலும் அதைக் கரைக்கும். ஒரு நிமிடத் தேய்ப்பிலேயே பளபளப்பு மங்கிவிடும். பாத்திரம் துலக்கும் தூளும் கீறும். மென்மையான பல்துலக்கியும் ஒரு துளி ஷாம்பூவும் போதும். தேங்காய் எண்ணெய் பூசினால் நாளடைவில் சிக்கு வாடை வரும். பூசியே ஆகவேண்டுமென்றால் பேபி ஆயில் ஒரு துளி தடவி, துணியால் முழுக்கத் துடைத்துவிடுங்கள்.

அடுத்த எதிரி பெட்டி. கொலு முடிந்ததும் சோழியை அட்டைப்பெட்டியிலோ மர அலமாரி டிராயரிலோ போட்டு மூடுகிறோம். ஐப்பசி, கார்த்திகை ஈரத்தில் மரமும் அட்டையும் அமில ஆவியை விடும். அது ஓட்டைத் தின்று வெள்ளை மாவு போல உப்பாகப் பூக்கும். பார்க்கப் பூஞ்சை போலிருந்தாலும் பூஞ்சை அல்ல, அதனால் பூஞ்சை மருந்து அடித்துப் பயனில்லை. பெட்டியைத் திறந்ததும் புளித்த வாடை வருவது முதல் அறிகுறி.

மாவு பூத்த சோழியைத் தனியே எடுத்து, நல்ல தண்ணீரில் ஒரு நாள் ஊறவிட்டு, இரண்டு மூன்று முறை தண்ணீர் மாற்றி, துலக்கியால் தேய்த்து நன்றாக உலர்த்துங்கள். அரிப்பு அதோடு நிற்கும், குழிந்த இடம் குழிந்தபடியே இருக்கும். அதே பெட்டியில் மறுபடி வைத்தால் மறுபடி பூக்கும். கண்ணாடிப் புட்டியோ எவர்சில்வர் சம்படமோ நல்லது. உள்ளே ஒன்றிரண்டு சிலிக்கா ஜெல் பொட்டலம் போட்டு, மழைக்காலத்தில் மாதம் ஒருமுறை திறந்து பாருங்கள். தாயம் ஆட உருட்டும் சிறு சோழிகளுக்கும் இதே முறைதான்.