மட்டாஞ்சேரியில் வழிகாட்டியோடு சைக்கிள் சுற்று: பலரும் சறுக்கும் இடங்கள்

ஃபோர்ட் கொச்சியையும் மட்டாஞ்சேரியையும் சைக்கிளில் சுற்றிக் காட்டும் வழிகாட்டிகள் இப்போது நிறையப் பேர் இருக்கிறார்கள். ஊர் முழுக்கச் சமதரை. கடற்கரையிலிருந்து யூதர்களின் வழிபாட்டு இடமான பரதேசி சினகாக் சுமார் மூன்று கிலோமீட்டர்தான். அந்தத் தூரத்துக்குள் கொங்கணியர், குஜராத்திகள், கச்சி மேமன்கள், தமிழ் வண்ணார்கள், லத்தீன் கத்தோலிக்கர்கள், சிரியன் கிறிஸ்தவர்கள் என்று முப்பதுக்கும் மேற்பட்ட சமூகங்கள் வாழ்வதாகச் சொல்வார்கள். இட்லி சாப்பிட்டுவிட்டுக் கிளம்பினால் மதியச் சாப்பாட்டுக்குள் எல்லாவற்றையும் பார்த்துவிடலாம் என்றுதான் யாருக்கும் தோன்றும்.

பார்க்க முடியாது. இந்தச் சுற்றில் தூரம் கணக்கே இல்லை. கடிகாரமும் காலண்டரும்தான் கணக்கு. போய்விட்டு வந்து "அங்க ஒண்ணும் பெருசா இல்லைங்க" என்று உதட்டைப் பிதுக்குகிறவர்களை விசாரித்துப் பாருங்கள். பாதிப் பேர் மூடிய கதவுகளின் முன்னால் படம் எடுத்துக்கொண்டு திரும்பியவர்களாக இருப்பார்கள்.

சனிக்கிழமைக்கு டிக்கெட் போடுவது

நம் ஊர்க்காரர்கள் செய்யும் முதல் தவறு இதுதான். வெள்ளி இரவு சென்னையில் ரயில் ஏறுவது, சனிக்கிழமை எர்ணாகுளத்தில் இறங்கி அன்றைக்கே சைக்கிள் சுற்று. சனிக்கிழமை யூதர்களின் ஓய்வு நாள், பரதேசி சினகாக் திறக்காது. வெள்ளி பிற்பகலே மூடிவிடுவார்கள். சரி, வெள்ளிக்கே போய்விடலாம் என்றால் அன்றைக்கு மட்டாஞ்சேரி அரண்மனைக்கு விடுமுறை. மதியம் பள்ளிவாசல் தெருக்களில் ஜும்ஆ கூட்டம், சைக்கிள் நுழைய இடம் இருக்காது.

திங்கள் முதல் வியாழன் வரை வசதி. வார இறுதியை விட்டால் வேறு வழியில்லை என்கிறவர்கள் ஞாயிறைப் பிடித்துக்கொள்ளுங்கள். காலையில் சாந்தா குரூஸ் பசிலிக்காவில் திருப்பலி, புனித பிரான்சிஸ் ஆலயத்தில் ஆராதனை என்று இருக்கும். அந்த நேரத்தில் ஹெல்மெட்டும் கையுமாக உள்ளே நுழையாமல், தேவாலயங்களைக் கடைசிக்குத் தள்ளி வைத்தால் போதும். செப்டம்பர், அக்டோபர் மாதங்களில் யூதப் பண்டிகைகள் அடுத்தடுத்து வரும், அப்போது வார நாளிலும் சினகாக் மூடியிருக்கலாம்.

ஜூன் முதல் செப்டம்பர் வரை மழை என்பது எல்லோருக்கும் தெரியும். தெரியாமல் மாட்டிக்கொள்வது கார்த்திகையில். அங்கே விருச்சிக மாதம் என்பார்கள். அந்தப் பருவத்தில் கடல் ஏற்றம் கூடி, கொச்சியின் தாழ்வான பகுதிகளில் மழையே இல்லாமல் தெருவுக்குத் தண்ணீர் வரும். 'வேலியேற்றம்' என்று வழிகாட்டி சொன்னால் பாதையை மாற்றப்போகிறார் என்று புரிந்துகொள்ளுங்கள். உப்புத் தண்ணீருக்கு அடியில் சாக்கடை மூடி இருக்கிறதா இல்லையா என்று சக்கரத்தை விட்டுப் பார்க்க வேண்டாம். டிசம்பர் கடைசி வாரம் இன்னொரு சங்கடம். புத்தாண்டு இரவு பப்பாஞ்ஞி என்ற பெரிய கிழவர் பொம்மையைக் கொளுத்தும் திருவிழாவுக்கு ஊரே ஃபோர்ட் கொச்சியில்தான் நிற்கும். பார்க்க வேண்டிய கூட்டம்தான், ஆனால் சைக்கிளோடு அல்ல.

ஆறு மணிச் சுற்றை அப்படியே நம்புவது

வெயிலுக்கும் லாரிக்கும் பயந்து வழிகாட்டிகள் காலை ஆறு, ஆறரைக்கே கிளம்பச் சொல்வார்கள். சொல்வது நியாயம். ஒன்பதரைக்கு மேல் கொச்சியின் புழுக்கத்தில் சட்டை முதுகோடு ஒட்டிக்கொள்ளும். ஆனால் சினகாக் பத்து மணிவாக்கில்தான் திறக்கும். எட்டரைக்கு முடிந்துவிடும் சுற்றில் யூதத் தெருவைப் பார்ப்பீர்கள், 1760இல் கட்டிய மணிக்கூண்டை அண்ணாந்து பார்ப்பீர்கள், அவ்வளவுதான். முன்பதிவு செய்யும்போதே ஒரு கேள்வி கேட்டுவிடுங்கள்: "எந்தெந்த இடத்துக்கு உள்ளே போகிறோம், எந்தெந்த இடத்தை வெளியே நின்று பார்க்கிறோம்?" இதற்கு நேராகப் பதில் வராவிட்டால் ஆளை மாற்றிவிடலாம்.

கோயிலுக்கு இதே கணக்கு தலைகீழ். கேரளக் கோயில்கள் முற்பகலிலேயே நடை சாத்திவிட்டு, மாலையில்தான் திரும்பத் திறக்கும். ஆகவே செர்லாய் பக்கம் கொங்கணிகளின் திருமலை தேவஸ்வம் கோயிலைக் காலையில் முதலில் வைத்துக்கொள்ள வேண்டும். குஜராத்தி ரோட்டில் 1904இல் எழுந்த தர்மநாத் சமணக் கோயில் இருக்கிறது. உச்சிப்பொழுதை ஒட்டி அங்கே புறாக்களுக்குத் தீனி போடுவார்கள். மணியடித்ததும் கூரை விளிம்பிலிருந்து மொத்தக் கூட்டமும் முற்றத்தில் இறங்கும். அதைப் பார்க்க ஆசைப்பட்டால் ஆறு மணிக்குக் கிளம்பி ஒன்பதுக்குத் திரும்பும் சுற்று உதவாது.

எனக்குச் சரியாகப் படுவது இரண்டு பாதியாகப் பிரிப்பது. காலை ஆறரை முதல் எட்டரை வரை சைக்கிள்: சீன வலை, டச்சுக் கல்லறை, 'வெளி' என்ற பகுதி, செர்லாய். அப்புறம் காலைப் பலகாரம். பத்து மணிக்கு மேல் சைக்கிளைப் பூட்டிவிட்டு அரண்மனை, சினகாக், சமணக் கோயில் மூன்றையும் நடந்தே பார்ப்பது. வழிகாட்டியிடம் முன்கூட்டிச் சொன்னால் பலரும் ஒத்துக்கொள்கிறார்கள், கொஞ்சம் கூடக் கேட்பார்கள். கொடுக்கலாம்.

பஜார் ரோடு விஷயத்தில் மட்டும் பிடிவாதம் வேண்டாம். பழைய கிடங்குகளுக்கு முன்னால் லாரியை நிறுத்தி மூட்டை இறக்க ஆரம்பித்துவிட்டால் அந்தத் தெரு சுமைதூக்கும் தொழிலாளர்களுடையது. தலையில் அரிசி மூட்டையோடு வருகிறவரால் உங்கள் மணிச் சத்தத்துக்கு ஒதுங்க முடியாது. நீங்கள்தான் இறங்கி ஓரம் கட்ட வேண்டும். விடிந்த கையோடு போய்விட்டால் இஞ்சி, மிளகு வாசத்தோடு காலித் தெருவில் மிதிக்கலாம்.

உடுப்பை சைக்கிளுக்காக மட்டும் யோசிப்பது

அரைக்கால் சட்டை, கையில்லாத பனியன் ரகம், கயிறு கட்டும் ஷூ. மிதிப்பதற்கு அருமைதான். முதல் வாசலிலேயே இடிக்கும். சினகாக்கில் தோளும் முழங்காலும் மறைந்திருக்க வேண்டும், பையை வெளியே வைக்கச் சொல்வார்கள், செருப்பைக் கழற்ற வேண்டும். கழற்றச் சொல்வதும் நல்லதுக்குத்தான்: தரை முழுக்க 18ஆம் நூற்றாண்டில் சீனாவிலிருந்து வந்த, கையால் நீலம் தீட்டிய வெள்ளை ஓடுகள். வெறுங்காலோடு மெதுவாக நடந்தால்தான் பக்கத்துப் பக்கத்து ஓடுகளில்கூடக் கோடுகள் வேறு வேறாக இருப்பது கண்ணில் படும்.

கேரளக் கோயில்கள் பலவற்றில் ஆண்கள் சட்டையைக் கழற்றி வேட்டியோடுதான் போக வேண்டும். நாலு முழ வேட்டி ஒன்றை மடித்துப் பையில் போட்டுக்கொண்டால் அரைக்கால் சட்டைக்கு மேலேயே கட்டிவிடலாம். வெயிலில் கழுத்துக்குப் போர்த்திக்கொள்ளவும் ஆகும். பெண்களுக்கு சல்வாரும் துப்பட்டாவும் பெரும்பாலும் போதும், சில கோயில்களில் சேலையோ பாவாடையோ கேட்பார்கள். சமணக் கோயிலில் தோல் பெல்ட், தோல் பர்ஸ் வெளியே நிற்க வேண்டும். ஒரு காலைப் பொழுதில் அரை டஜன் முறை செருப்பைக் கழற்றி மாட்டப்போகிறோம் என்பதால், பின்பட்டை வைத்த சாதாரணச் செருப்பே ஷூவைவிட மேல்.

இன்னொன்று, குழுவில் எல்லோரும் ஒரே மதத்தவர் அல்ல என்றால் முன்கூட்டியே பேசிக்கொள்வது நல்லது. இங்குள்ள கோயில்கள் பலவற்றில் இந்து அல்லாதவர்களை உள்ளே விடுவதில்லை. அலுவலக நண்பர்கள் கோயில் வாசலில் நின்று "நீ வா, நீ வேண்டாம்" என்று பிரிவதைவிடச் சங்கடம் கிடையாது. அதுபோல, 1520இல் கட்டப்பட்டதாகச் சொல்லப்படும் செம்பிட்ட பள்ளி என்ற பள்ளிவாசலின் சரிந்த கூரையையும் மரவேலையையும் பார்த்துக் கோயிலோ என்று மயங்கி நேரே படியேறிவிடுகிறவர்கள் உண்டு. வாசலில் இருக்கும் பெரியவரிடம் "இக்கா, பார்க்கலாமா?" என்று கேட்டால் அவரே சொல்லிவிடுவார். ஆண்கள் பகுதி எது, பெண்கள் எதுவரை வரலாம், தொழுகைக்கு இன்னும் எவ்வளவு நேரம் இருக்கிறது, எல்லாம் அவர் வாயிலிருந்தே வரும். ரம்ஜான் மாதம் என்றால் அந்தத் தெருக்களில் தண்ணீர் பாட்டிலைத் திறக்காமல் ஒரு முக்கு தள்ளிப் போய்க் குடித்துக்கொள்ளலாம்.

மனிதர்களையும் பட்டியலில் சேர்ப்பது

"யூதர் யாராவது இருந்தால் காட்டுங்களேன்" என்று வழிகாட்டியிடம் கேட்பது சகஜமாக நடக்கிறது. 1948இல் இஸ்ரேல் அமைந்த பிறகு கொச்சி யூதர்களில் பெரும்பாலோர் அங்கே குடிபெயர்ந்துவிட்டார்கள். யூதத் தெருவில் பூத்தையல் கடை வைத்திருந்த சாரா கோஹன் 2019இல், 96 வயதில் காலமானார். கடைசிக் காலத்தில் அவர் ஜன்னலோரம் உட்கார்ந்திருந்தபோதும் தெருவில் போகிறவர்கள் எட்டிப் பார்த்துக்கொண்டுதான் போனார்கள். இப்போது அந்தத் தெருவில் பெரும்பாலும் காஷ்மீரிகளும் மலையாளிகளும் நடத்தும் கடைகள். வீட்டு ஜன்னல்களுக்குள் கேமராவை நீட்டுவதில் எந்த வரலாறும் கிடைக்காது.

தமிழர்களுக்கு இந்தச் சோதனை 'வெளி' பகுதியில் உள்ள டோபி கானாவில் வருகிறது. அங்கே துவைப்பவர்கள் தமிழ் வண்ணார்கள். டச்சுக்காரர்கள் காலத்தில் படைவீரர்களின் உடுப்பு துவைக்க இவர்களுடைய முன்னோர் கொண்டுவரப்பட்டார்கள் என்று சொல்வார்கள். வரிசையாகத் தொட்டிகள், துவைகல், கஞ்சி, கரிப்பெட்டி. திறந்த வெளியில் முறுக்கிய இரட்டைக் கயிறு கட்டியிருக்கும். கிளிப்பே கிடையாது, துணியின் நுனியைக் கயிற்று முறுக்குக்குள் செருகிவிடுவார்கள். காற்று என்ன அடித்தாலும் விழாது. தமிழ்க் குரல் காதில் விழுந்ததும் நம்மவர்களுக்கு உரிமை வந்துவிடுகிறது. சைக்கிளைக் காயும் துணிகளுக்கு நடுவே உருட்டுவது, "எந்த ஊரு, என்ன ஆளுங்க, நாளுக்கு எவ்வளவு கிடைக்கும்" என்று விசாரணை வைப்பது. ஊர் கேட்கலாம், சாதி கேட்க வேண்டாம், வருமானம் அவரே சொன்னால் ஒழிய வேண்டாம்.

"அண்ணா, ஒரு படம் எடுத்துக்கலாமா?"

"என்னைய எடுங்க. துணிய எடுக்காதீங்க, அது கஸ்டமர் துணி."

இப்படி ஒரு பதில் வந்தால் முகம் சுளிக்கக் கூடாது. நியாயம்தானே. கசங்கிய சட்டை ஒன்றைக் கொடுத்துத் தேய்த்து வாங்கிக்கொண்டால் பேச்சு தானாக வளரும், அவருக்கும் வேலை கெடாது.

வழிகாட்டி சொல்வதெல்லாம் சரி என்று எழுதிக்கொள்வது

மட்டாஞ்சேரியைப் பற்றிப் பேசும்போது "எல்லா மதமும் ஒற்றுமையாக வாழும் ஊர்" என்ற வரியில் ஆரம்பித்து அதிலேயே முடித்துவிடும் வழிகாட்டிகள் இருக்கிறார்கள். கேட்க இனிமையாக இருக்கும், விஷயம் இருக்காது. பக்கத்துப் பக்கத்தில் சினகாக், பழையன்னூர் பகவதி கோயில், அரண்மனை என்று அமைந்தது கொச்சி அரசர் யூதர்களுக்கு இடம் கொடுத்ததால். 1568இல் கட்டிய அதே சினகாக்கை 1662இல் போர்த்துகீசியர் எரித்தார்கள். டச்சுக்காரர்கள் வந்த பிறகு மறுபடி எழுப்பினார்கள். கொங்கணியர் கோவாவில் போர்த்துகீசியர் கொடுமை தாங்காமல் வந்தவர்கள். 1653 ஜனவரி 3 அன்று சிரியன் கிறிஸ்தவர்கள் கூட்டமாகச் சிலுவையில் கட்டிய கயிற்றைப் பிடித்து, போர்த்துகீசியப் பாதிரிமாருக்கு இனி அடங்க மாட்டோம் என்று சத்தியம் செய்ததும் மட்டாஞ்சேரியில்தான். கூனன் குருசுப் பள்ளி என்ற தேவாலயம் அதன் நினைவு. இந்த ஊரின் ஒற்றுமை சண்டைகளுக்கு நடுவே, அடைக்கலம் தேடி வந்தவர்களால் உண்டானது. அதைச் சொல்லாத சுற்று உப்பில்லாத சாப்பாடு.

வழிகாட்டியை எடைபோட நான் சிபாரிசு செய்யும் கேள்வி ஒன்று உண்டு: "ஆபிரகாம் பராக் சேலம் யார்?" யூதர்களுக்குள்ளேயே பின்னால் வெளிநாடுகளிலிருந்து வந்த பரதேசி, முன்பிருந்தே இங்கே இருந்த மலபாரி என்று பிரிவு இருந்தது. விடுவிக்கப்பட்ட அடிமைகளின் வழிவந்தவர்களுக்கு பரதேசி சினகாக்கில் சமமான இடம் கிடையாது. அந்த வழியில் பிறந்து வழக்கறிஞரான சேலம், காந்தியப் போராட்ட முறையில் சினகாக்குக்குள்ளேயே எதிர்த்து நின்றார். யூத காந்தி என்றே அவரைச் சொல்வதுண்டு. இந்தப் பெயருக்கு வழிகாட்டி முகம் மலர்ந்தால் மிச்ச நேரத்தை அவரிடம் நம்பி ஒப்படைக்கலாம்.

சின்னச் சின்னப் பிசகுகளும் உண்டு. மட்டாஞ்சேரி அரண்மனைக்கு வழங்கும் 'டச்சு அரண்மனை' என்ற பெயரை வைத்து டச்சுக்காரர்கள் கட்டியது என்பார்கள். கட்டியது போர்த்துகீசியர், 16ஆம் நூற்றாண்டின் நடுவில். டச்சுக்காரர்கள் பின்னால் புதுப்பித்தார்கள். புனித பிரான்சிஸ் ஆலயத்தில் வாஸ்கோ ட காமாவின் கல்லறைக் கல் இருக்கிறது, உடல் இல்லை. 1524இல் இங்கே புதைத்து, 1539இல் போர்ச்சுகலுக்குக் கொண்டுபோய்விட்டார்கள்.

கிளம்பும் முன்

சைக்கிளை வாங்கியதும் பிரேக்கைப் பிடித்துப் பாருங்கள், இருக்கை உயரத்தைச் சரிசெய்யச் சொல்லுங்கள். உப்புக் காற்றில் செயின் சீக்கிரம் துருப்பிடிக்கும் ஊர் இது. முன்பணத்துக்கு அசல் ஆதாரையோ பாஸ்போர்ட்டையோ விட்டுவிட்டு வராதீர்கள், நகல் போதும். ஏழெட்டுப் பேருக்கு மேல் இருந்தால் இரண்டு குழுவாகப் பிரிந்துவிடுங்கள். அந்தச் சந்துகளில் பதினைந்து சைக்கிள் என்பது ஊர்வலம்.

கடைசியாக, கடை விஷயம். யூதத் தெருவில் மசாலாக் கடைக்கும் பழம்பொருள் கடைக்கும் கூட்டிப்போய் நிறுத்தினால், சில இடங்களில் வழிகாட்டிக்குக் கமிஷன் உண்டு. அதில் குற்றம் ஒன்றும் இல்லை, அவர் பிழைப்பு. உங்களுக்கு விருப்பமில்லை என்றால் காலையிலேயே "கடை வேண்டாம் சேட்டா, அந்த நேரத்துக்கு இன்னொரு தெரு காட்டுங்கள்" என்று சொல்லிவிடுங்கள். விருப்பம் உண்டு என்றால் மட்டும் ஒன்று: பித்தளை உருளியைப் பேரம் பேசி முடிப்பதற்கு முன், சைக்கிள் கூடையின் அளவை ஒருமுறை திரும்பிப் பார்த்துக்கொள்ளுங்கள்.