பேசித் தீர்த்த கடன்

வக்கீல் நோட்டீஸ் வந்தவுடன் வங்கி மேலாளரிடம் போய் அழாதீர்கள். நான் அழுதேன். ஒரு டம்ளர் தண்ணீர் கொடுத்தார், அவ்வளவுதான்.

குமாரபாளையத்தில் எட்டு விசைத்தறி வைத்திருந்தேன். வீட்டுப் பத்திரத்தின் பேரில் வாங்கிய கடனுக்குத் தவணை நின்றுபோய், 4,86,000 ரூபாய் கேட்டார்கள். கடன் வாங்கிய நாள் முதலான கணக்கு அறிக்கையை எழுதிக் கேட்டேன். மனுவின் நகலில் முத்திரையும் தேதியும் வாங்கிக்கொண்டேன். நீங்களும் அங்கிருந்துதான் தொடங்க வேண்டும்.

மகளும் நானும் இரண்டு இரவு ஸ்கேலும் சிவப்புப் பேனாவுமாக உட்கார்ந்தோம். நான் கையெழுத்தே போடாத காப்பீட்டுக்குப் பிரீமியம், யாரும் வராத நாளில் ஆய்வுக் கட்டணம், அபராத வட்டி, அதன் மேல் வட்டி என 61,000 ரூபாய் தேறியது. தவணை தவறினால் அபராதக் கட்டணம் போடலாம், அதை வட்டியாக ஏற்றக் கூடாது என்ற ரிசர்வ் வங்கி விதி 2024இல் நடைமுறைக்கு வந்தது. ஒவ்வொரு வரிக்கும் விளக்கம் கேட்டுக் கடிதம் கொடுத்த பிறகுதான் மேலாளர் என்னை உட்காரச் சொன்னார்.

அடமானச் சொத்தை வங்கியே கைப்பற்ற வழிசெய்யும் சர்ஃபாசி சட்டப்படி நோட்டீஸ் வந்திருந்தால் 60 நாள்தான் கெடு. அதற்குள் ஆட்சேபம் எழுதுங்கள்; வங்கி 15 நாளில் பதில் தர வேண்டும். பேச்சு நடக்கிறது என்பதற்காகக் கெடு நிற்காது.

பிறகு நாமக்கல்லில் மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் வெள்ளைத்தாளில் மனு கொடுத்தேன். வழக்குப் போடாமலே, இரு தரப்பும் பேசி முடித்துக்கொள்ளும் மக்கள் நீதிமன்றத்துக்கு (லோக் அதாலத்) போகலாம், கட்டணம் கிடையாது. ஆனால் வெறுங்கையோடு போகாதீர்கள். இரண்டு பழைய தறிகளைக் காயலான் கடைக்குப் போட்டு, மனைவியின் சங்கிலியையும் விற்று, 1,50,000 ரூபாய்க்கு வரைவோலை எடுத்துப் போனேன். நான் 3,25,000 என்றேன், வங்கிக்காரர்கள் 4,40,000 என்றார்கள். வரைவோலையை மேஜையில் வைத்ததும் பேச்சின் தொனி மாறியது. 3,70,000க்கு முடிந்தது, மீதியைக் கட்ட 60 நாள். தொகை ஒத்துவராவிட்டால் எழுந்து வந்துவிடலாம், யாரும் திணிக்க முடியாது.

கையெழுத்துக்கு முன் ஒவ்வொரு வரியையும் படியுங்கள். அந்தத் தீர்வு உரிமையியல் நீதிமன்றத் தீர்ப்பாணைக்குச் சமம், மேல்முறையீடு இல்லை. எந்தத் தேதிக்குள் எவ்வளவு, பத்திரம் எப்போது திரும்பும், இனி பாக்கி எதுவும் இல்லை என்பதெல்லாம் எழுத்தில் இருக்க வேண்டும். “அப்புறம் பார்த்துக்கொள்ளலாம்” என்பார்கள். பார்க்க மாட்டார்கள்.

நம் கடன் வரலாற்றைக் காட்டும் சிபில் பதிவில் ‘முடிக்கப்பட்டது’ என்று வராமல் ‘சமரசம்’ என்ற பொருளில்தான் பதிவாகும். புதுக்கடன் வாங்கும்போது அது உறுத்தும். எனக்கு இப்போதைக்கு அந்த ஆசை இல்லை.

பணம் கட்டி முடித்த 30 நாளில் அசல் பத்திரம் வர வேண்டும். வங்கியால் தாமதமானால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் கேட்கலாம். பத்திரம் கைக்கு வந்ததும் சார்பதிவாளர் அலுவலகத்தில் எம்.ஓ.டி.யை, அதாவது பத்திரத்தை வங்கியில் அடமானம் வைத்த பதிவை, ரத்து செய்து ரசீது பதியச் சொல்லுங்கள். நான் இதை மறந்து, நான்கு மாதம் கழித்து வில்லங்கச் சான்று எடுத்தபோது கடன் அப்படியே உட்கார்ந்திருந்தது.