லைவா ரெக்கார்டிங்கா? ஆடியன்ஸ குழப்பற ஒரு பெர்ஃபார்மன்ஸ் பண்றது எப்படி

மேடையில நீங்க, பின்னாடி திரையிலயும் நீங்க. திரையில தெரியறது இப்போ நடக்குதா, முன்னாடியே எடுத்ததான்னு பாக்கறவங்களுக்கு சந்தேகம் வரணும், அவ்ளோதான் ஐடியா. கேமரா, லேப்டாப், ப்ரொஜெக்டர், லேப்டாப் பக்கத்துல ஒரு ஃப்ரெண்ட் இருந்தா போதும்.

கேமராவ ஸ்டாண்ட்ல மாட்டினதுக்கப்புறம் தொடவே தொடாதீங்க. ஃபோகஸ், எக்ஸ்போஷர், ஒயிட் பேலன்ஸ் மூணையும் ஆட்டோவுல இருந்து மேனுவலுக்கு மாத்திடுங்க, இல்லன்னா ரெக்கார்டிங்குக்கும் லைவுக்கும் நிறம் லேசா மாறும், காட்டிக்கொடுக்க அது போதும். ஜன்னல் வெளிச்சம் வர்ற ரூம் வேண்டாம், நிழல் நகர்ந்துடும். ஃப்ரேம்ல கடிகாரம் இருக்கக்கூடாது (சிரிக்காதீங்க, நான் மாட்டியிருக்கேன்). நாற்காலி கால், உங்க கால் ரெண்டுக்கும் தரையில டேப் ஒட்டிக்கோங்க.

அடுத்து ஷோவுக்குப் போடப்போற அதே டிரஸ்ல, அதே லைட்ல கிளிப் எடுக்கணும். நாற்காலியில அசையாம உக்காந்து ஆரம்பிங்க, மெதுவா கை தூக்குறது, தலை திருப்புறது, அப்புறம் மறுபடி அதே மாதிரி உக்காந்துடணும். எடுக்கும்போதும் ஷோவுலயும் காதுல ஒரே கவுண்ட் ஓடினா டைமிங் தப்பாது.

ஓபிஎஸ்ல (OBS, திரைக்குப் போற வீடியோவ மாத்தி மாத்தி விடற இலவச சாஃப்ட்வேர்) ரெண்டு சீன் போடுங்க, ஒண்ணு கேமரா, இன்னொண்ணு கிளிப். டிரான்சிஷன், அதாவது ஒரு சீன்ல இருந்து இன்னொண்ணுக்கு மாறற விதம், ஃபேட்ல (மெதுவா கரைஞ்சு மாறறது) இருந்தா 'கட்'டுக்கு (சட்டுன்னு மாறறது) மாத்துங்க, ஃபேட்ல ஒரு நொடி ரெண்டு உருவம் தெரிஞ்சா மொத்தமும் போச்சு.

இப்போ தான் மெயின் மேட்டர். மொதல் அஞ்சு நிமிஷம் ஏமாத்தவே கூடாது, முழுக்க லைவ் தான். பாக்க வந்தவங்கள்ல ஒருத்தர மேடைக்குக் கூப்பிட்டு கையாட்டச் சொல்லுங்க, திரையில அவரும் ஆட்டுவார், எல்லாரும் நம்பிடுவாங்க. நான் மொதல் தடவ ஆரம்பத்துலயே கிளிப்ப போட்டுட்டேன், ஏதோ வீடியோ ஓடுதுன்னு யாரும் கண்டுக்கவே இல்ல. நம்பவச்சாதான ஏமாத்த முடியும்.

அவர் போனதும் அசையாம உக்காருங்க, ஃப்ரெண்ட் அப்போ கேமரா சீன்ல இருந்து கிளிப் சீனுக்கு மாத்தணும். கிளிப்போட சேர்ந்து அதே அசைவுகள செய்யுங்க, ஆனா இம்மி முன்னாடியே செய்யணும், ஏன்னா லைவ் படம் எப்பவுமே கொஞ்சம் லேட்டா தான் வந்துட்டு இருந்துச்சு, திடீர்னு கச்சிதமா பொருந்தினா உறுத்தும். ஒரு நிமிஷம் இப்படியே போகட்டும், அப்புறம் நீங்க கைய பாதியில நிறுத்துங்க. திரையில இருக்கறவர் நிறுத்த மாட்டார்.

இந்த லேட்டயே விளையாட்டா ஆக்கினவர் டான் கிரஹாம்ங்கற அமெரிக்கக் கலைஞர், 1974ல. கண்ணாடி பதிச்ச ரூம்ல உங்களையே 8 நொடி தாமதமா மானிட்டர்ல காட்டுவார், அந்த மானிட்டர் கண்ணாடியில தெரிய, அதையும் கேமரா பிடிக்க, 16 நொடி, 24 நொடி முந்தின நீங்களும் உள்ள உள்ள தெரிவீங்க. இது கைவந்ததும் அத ட்ரை பண்ணுங்க.

முடிக்கும்போது வணக்கம் எல்லாம் வேண்டாம், எழுந்து வெளிய போயிடுங்க, திரையில இருக்கறவர் உக்காந்தே இருக்கட்டும். அதுக்காக கிளிப் கடைசியில சும்மா உக்காந்திருக்கறத ஒரு பத்து நிமிஷமாவது எடுத்து வச்சுக்கோங்க, கடைசி ஆள் எழுந்து போறவரைக்கும் ஓடணும்.