சேலத்துல உக்காந்துக்கிட்டே காஸ்டீல் ராஜாவோட சாசனத்தை படிக்கிறது எப்படி

மெடீவல் யூரோப் பேப்பருக்கு படிக்கிற நம்ம சேலத்து பசங்க இங்கிலாந்து, பிரான்ஸுன்னா பக்கம் பக்கமா எழுதுவாங்க, ஸ்பெயின்னு வந்துட்டா மட்டும் அரபுக்காரங்க வந்தாங்க, கிறிஸ்தவ ராஜாக்க திருப்பி புடிச்சாங்க, 1492ல கிரானாடா விழுந்துச்சுன்னு மூணே வரியில முடிச்சிடுறாங்க. நடுவுல ராஜா யாரை நம்பி ஆண்டாரு, சர்ச் எங்க நின்னுச்சு, ஊர்க்காரங்களுக்கு என்ன கெடைச்சுதுன்னு ஒண்ணும் வராது. இதுக்கு நான் சொல்ற வழி என்னன்னா, புக்கை கொஞ்சம் ஓரமா வச்சிட்டு ஒரே ஒரு ராஜ சாசனத்தை எடுங்க, அதுலயும் கீழ் பகுதியை நல்லா கவனிச்சு படிங்க.

சாசனம் எங்க கெடைக்கும்னா, ஸ்பெயின் அரசாங்க ஆவணக் காப்பகங்களுக்கு பாரேஸ்னு (PARES) ஒரு சைட் இருக்கு, இலவசம்தான். அதுல "பிரிவிலேஜியோ ரொதாதோ"ன்னு, அதாவது கீழ வட்டச் சின்னம் போட்ட ராஜ சாசனம், ஸ்பானிஷ் ஸ்பெல்லிங்ல (privilegio rodado) போட்டு தேடுனா படமாவே வரும். ஏற்காட்டுல இருக்கறவங்க பாக்கும்போதே டவுன்லோடு பண்ணி வச்சுக்கோங்க, மழை புடிச்சா நெட்டு என்ன பண்ணும்னு உங்களுக்கே தெரியும்.

எந்த ராஜாவுலேர்ந்து ஆரம்பிக்கிறதுன்னா, பத்தாம் அல்ஃபோன்ஸோதான், ஸ்பெயின்ல அப்ப இருந்த காஸ்டீல்ங்கற கிறிஸ்தவ நாட்டை 1252லேர்ந்து 1284 வரைக்கும் ஆண்டவரு. அவரோட ஆபீஸ் சாசனத்தை எல்லாம் பெரும்பாலும் காஸ்டீலியன்லயே எழுதுச்சு, அதனால அச்சுல வந்த பிரதியை டிரான்ஸ்லேட் ஆப்ல போட்டாலே முக்கால்வாசி புரியும். அவருக்கு முன்னாடி போனீங்கன்னா பெரும்பாலும் லத்தீன், அது அப்புறம் பாத்துக்கலாம்.

எடுத்த உடனே வருஷத்தை சரி பண்ணுங்க. அவங்க "எரா"ன்னு ஒரு கணக்கு போடுவாங்க, அதுல 38ஐ கழிச்சாதான் நம்ம கி.பி. எரா 1293ன்னு இருந்தா 1255. சக வருஷத்துக்கு 78 கூட்டி பழகுனவங்களுக்கு இது ஒரு விஷயமே இல்ல. காஸ்டீல்ல இந்த கணக்கு 1383 வரைக்கும் ஓடுச்சு, இதை விட்டுட்டா அப்பா செத்ததுக்கு அப்புறம் அப்பாவே தானம் குடுத்த மாதிரி வரும்.

மேல ராஜா பேரு, ராணி பேரு, பிள்ளைங்க பேரு, அதுக்கு கீழ காஸ்டீல், டோலேடோ, லெயோன், கலீசியா, செவில், கோர்தோவா, மூர்சியா, ஹயேன், அல்கார்வேன்னு நாடுகள் வரிசையா வரும். இதை பட்டப்பேருன்னு தாண்டி போயிடாதீங்க. காஸ்டீலும் லெயோனும் 1157ல பிரிஞ்சு 1230ல மூணாம் ஃபெர்னாந்தோ கையில ஒண்ணா சேந்தது, ஆனா சேந்ததுக்கு அப்புறமும் ஒவ்வொரு நாட்டு பேரையும் தனித்தனியாதான் சொல்றாங்க. கோர்தோவா 1236, செவில் 1248, அதெல்லாம் புடிச்ச சூட்டோட லிஸ்ட்ல ஏறுன ஊரு.

நடுவுல யாருக்கு என்ன குடுத்தாங்கன்னு இருக்கும், மடத்துக்கு நிலம், கதீட்ரலுக்கு வரிவிலக்கு, கலத்ராவா மாதிரி போர்த் துறவிகள் சபைக்கு கோட்டை, இல்ல ஒரு ஊருக்கு ஃபுவேரோ, அதாவது அந்த ஊருக்குன்னே தனியா சட்டமும் சலுகையும். இங்க ஒரு எச்சரிக்கை. பழைய ராஜா குடுத்ததை புது ராஜா உறுதி பண்ற மாதிரி நிறைய வரும், ஆனா அந்த பழைய ராஜா குடுத்தாரான்னே சந்தேகப்படணும். வடமேற்கு ஸ்பெயின்ல இருக்கற சந்தியாகோ ஊரு சர்ச்சுக்காரங்க 9ஆம் நூற்றாண்டு ராஜா முதலாம் ராமிரோ கிளவிஹோ போர்ல புனித யாக்கோபு தயவுல ஜெயிச்சு, நன்றிக்கடனா சர்ச்சுக்கு வருஷா வருஷம் தானியம் தரச் சொன்னாருன்னு ஒரு சாசனத்தை காட்டுவாங்க. அந்த போரே நடக்கல, சாசனம் 12ஆம் நூற்றாண்டுல உக்காந்து எழுதுனது, ஆனா அதை வச்சு 19ஆம் நூற்றாண்டு வரைக்கும் குடியானவன்கிட்ட வசூல் நடந்துச்சுங்க! அதனால சாசனம் போலியா இருந்தாலும் தூக்கி போடாதீங்க, எழுதுன காலத்துல யாருக்கு என்ன தேவைன்னு அது நல்லா காட்டிக்குடுக்கும்.

அப்புறம் சாபம். இதை மீறுனவன் கடவுள் கோபத்துக்கு ஆளாகி யூதாஸோட நரகத்துல கெடப்பான், அதோட அபராதமும் கட்டணும்னு இருக்கும். நம்ம கல்வெட்டுல கங்கைக் கரையில காராம்பசுவை கொன்ன தோஷத்துல போவான்னு வருதே, அதே வேலைதான், போலீஸ் போக முடியாத இடத்துக்கு சாபம் போகும்.

இப்ப கீழ. இங்கதான் நேரம் செலவு பண்ணுங்க, நல்லா ஜூம் பண்ணி. நடுவுல பெரிய வட்டம், உள்ள கோட்டையும் சிங்கமும், சுத்தி ராஜா பேரு, அதையும் சுத்தி ராஜாவோட கொடி தூக்குற அல்ஃபேரெஸ் பேரும் அரண்மனை நிர்வாகம் பாக்குற மயோர்தோமோ பேரும். இந்த ரெண்டு பதவிக்கும் பெரிய குடும்பங்கள் முட்டி மோதும், அதனால வருஷா வருஷம் பேரு மாறுதான்னு பாருங்க. வட்டத்துக்கு இடது பக்கம் காஸ்டீல் பிஷப்புகளும் பிரபுக்களும், வலது பக்கம் லெயோன் பிஷப்புகளும் பிரபுக்களும், ஒவ்வொருத்தரும் "உறுதி செய்கிறேன்"னு. ஒரு எக்ஸல் ஷீட் போட்டு ஒவ்வொரு சாசனத்துக்கும் ஒரு காலம் (column) விட்டு இந்த பேரை ஏத்துங்க, லாரா, ஆரோன்னு பெரிய பிரபு குடும்பங்க எப்ப இருக்காங்க, எப்ப காணோம்னு கண்ணுக்கு தெரிய ஆரம்பிக்கும். 1272ல பெரிய பிரபுக்க பத்தாம் அல்ஃபோன்ஸோ மேல கோவிச்சுக்கிட்டு கலகத்துல இறங்குனாங்க, காரணம் ஜெர்மன் பேரரசர் பட்டத்துக்கு அவரு காசை கொட்டுனது, ஊருக்கு ஊரு இருந்த பழைய வழக்கத்தை புதுச் சட்டத்தால அமுக்க பாத்தது, இப்படி பல.

பிஷப் வரிசையில சில இடத்துல பேருக்கு பதிலா "இந்த சர்ச் காலி"ன்னு எழுதியிருக்கும். அதை குறிச்சு வைங்க. புது பிஷப் வர்ற வரைக்கும் அந்த சொத்துக்கு ராஜாதான் காவல், தேர்தல் நடத்தவும் ராஜாகிட்ட சொல்லிட்டுதான் நடத்தணும், அப்ப காலியாவே இருந்தா யாருக்கு லாபம்னு யோசிச்சுக்கோங்க. அதோட 1247ல செவில் முற்றுகைக்குன்னு போப் சர்ச் தசமபாகத்துல, அதாவது சர்ச்சுக்கு குடுக்குற பத்துல ஒரு பங்குல, ஒரு பகுதியை ராஜாவுக்கு விட்டாரு, முற்றுகை முடிஞ்சும் ராஜாக்க அதை விடவே இல்ல. அதுக்காக போப் பொம்மைன்னு எழுதிடாதீங்க, லெயோன் ராஜா ஒம்போதாம் அல்ஃபோன்ஸோவும் காஸ்டீல் இளவரசி பெரெங்கேலாவும் நெருங்கின சொந்தம்னு சொல்லி 1204ல கல்யாணத்தையே பிரிச்சு விட்டவரும் போப்தான், அந்த கல்யாணத்துல பொறந்த பிள்ளைதான் மேல சொன்ன மூணாம் ஃபெர்னாந்தோ.

பத்தாம் அல்ஃபோன்ஸோவோட ஆரம்பகால சாசனத்துல பிரபுக்க நடுவுல கிரானாடா முஸ்லிம் ராஜாவும் "ராஜாவின் அடியார்"னு உறுதி பண்ணியிருப்பாரு. 1264ல கிரானாடா ஆதரவோட தெக்குல முஸ்லிம் குடிகள் கலகம் பண்ணுனாங்க, அதுக்கு முன்ன பின்ன சாசனங்களை வச்சு அந்த பேரை தேடிப் பாருங்க.

குடியானவன் இந்த லிஸ்ட்ல வரவே மாட்டான். அவனுக்கு ஃபுவேரோவை படிக்கணும், தன் ஆண்டையை தானே தேர்ந்தெடுக்குற பெஹேத்ரியா ஊருகளுக்கு 1352ல எடுத்த கணக்கை பாக்கணும். ஊர்க்காரங்களுக்கு 1188 லெயோன் கூட்டம், நகரத்து ஆளுங்களையும் ராஜா சபையில உக்கார வச்சது. அவங்க எப்பவும் கும்பிட்டுக்கிட்டே நின்னாங்கன்னும் நெனைக்காதீங்க, 1117ல சந்தியாகோ ஊர்க்காரங்க பிஷப் கெல்மீரெஸையும் ராணி உர்ராகாவையும் கோபுரத்துல அடைச்சு தீ வச்சு, வெளிய வந்த ராணியை துணியை கிழிச்சு சேத்துல தள்ளி கல்லால அடிச்சாங்க.

கை பழகணும்னா தலைவாசல் பக்கத்துல ஆறகளூர் காமநாதீஸ்வரர் கோயிலுக்கு ஒரு நாள் போயிட்டு வாங்க. மகதை மண்டலத்தை ஆண்ட வாணகோவரையர் காலத்து கல்வெட்டு அங்க இருக்கு, அவங்க மூணாம் குலோத்துங்கனுக்கு கீழ இருந்தவங்க, அதே காலத்துலதான் காஸ்டீல்ல எட்டாம் அல்ஃபோன்ஸோவும் ஆண்டாரு. ராஜா பேரு மேல, வேலை நடத்துறவன் பேரு கீழன்னு கண்ணு பழகிடும்.

பரிட்சைக்கு கடைசியா ஒண்ணு பண்ணுங்க. 1282ல பத்தாம் அல்ஃபோன்ஸோவோட மகன் சாஞ்சோ வல்யதோலித் ஊருல கூட்டம் போட்டு அப்பாகிட்டேர்ந்து ஆட்சியை புடுங்கிட்டாரு, ஆனா அப்பா சாகுற வரைக்கும் ராஜான்னு போட்டுக்கல, செவில் அப்பா பக்கமே நின்னுச்சு. அந்த ரெண்டு வருஷத்துல அப்பா சாசனம் ஒண்ணு, மகன் சாசனம் ஒண்ணு எடுத்து, எந்த பிஷப் எந்தப் பக்கம், எந்தக் குடும்பம் எந்தப் பக்கம்னு ரெண்டு காலமா (column) பிரிச்சு எழுதி வச்சுக்கோங்க.