கிராண்ட்மாஸ்டர் வினாடி வினா: தகராறு வராத கேள்வித்தாள் தயாரிப்பது எப்படி

கிராண்ட்மாஸ்டர்களைப் பற்றி நாற்பது துணுக்குகளைத் திரட்டி, ஒவ்வொன்றின் கடைசியிலும் கேள்விக்குறி போட்டுவிட்டால் செஸ் வினாடி வினா தயார் என்று பலர் இறங்குகிறார்கள். "மிக இளம் வயதில் உலக சாம்பியன் ஆனவர் யார்?" என்று கேட்டுவிட்டு, குகேஷ் என்ற பதிலை எதிர்பார்த்து நிற்பார்கள். பின்வரிசையிலிருந்து ஒருவர் "பொனமாரியோவ்" என்பார். அவர் சொல்வதும் சரிதான். அதன்பிறகு நிகழ்ச்சி முழுக்கப் பஞ்சாயத்துதான்.

செஸ் வரலாற்றில் பட்டங்கள் பல, பட்டியல்கள் பல, கொடிகள் மாறிய ஆட்டக்காரர்கள் பலர். அதனால் ஒரே கேள்விக்கு இரண்டு சரியான பதில்கள் அடிக்கடி வந்து நிற்கும். துணுக்கு சேர்க்க ஒரு மணி நேரம் ஆனால், இரண்டாவது பதில் நுழையும் வழியை அடைக்க இரண்டு மணி நேரம் ஒதுக்குங்கள்.

முதலில் அளவு. ஒரு மணி நேர நிகழ்ச்சிக்கு 24 கேள்விகள் போதும்: நான்கு சுற்று, சுற்றுக்கு ஆறு. கேள்வியை இருமுறை வாசித்து, யோசிக்க 40 விநாடி கொடுத்து, பதிலையும் சொன்னால் கேள்விக்கு ஒன்றரை நிமிடம் ஓடும். 24-க்கு 36 நிமிடம். மீதி நேரத்தை மதிப்பெண் கூட்டலும் ஆட்சேபணையும் தின்றுவிடும். எட்டு கேள்வி எளிதாக, பன்னிரண்டு நடுத்தரமாக, நான்கு மட்டும் கடினமாக இருக்கட்டும். கடினக் கேள்விகளை ஒரே சுற்றில் குவித்தால் பாதி அணிகள் அங்கேயே சோர்ந்துவிடும். கூடுதலாக நான்கு கேள்விகள் கைவசம் இருக்க வேண்டும். ஏதாவது ஒன்று நடுவில் ரத்தாகும்.

இரண்டாவது பதில் எங்கே ஒளிந்திருக்கிறது

பட்டத்தில். 1993-ல் அப்போதைய உலக சாம்பியன் காஸ்பரோவும் அவருக்குச் சவால் விட்ட நைஜல் ஷார்ட்டும் உலக செஸ் கூட்டமைப்பான ஃபிடேயை விட்டு விலகித் தனியாக ஆடியதிலிருந்து, 2006-ல் எலிஸ்தாவில் கிராம்னிக் தோபலோவை வெல்லும் வரை, ஒரே சமயத்தில் இரண்டு உலக சாம்பியன்கள் இருந்தார்கள். ருஸ்லான் பொனமாரியோவ் 2002 ஜனவரியில் ஃபிடே பட்டம் வென்றபோது அவருக்கு வயது 18 முடிந்து மூன்று மாதம். குகேஷ் 2024 டிசம்பர் 12-ல் சிங்கப்பூரில் டிங் லிரெனை வென்றபோது 18 முடிந்து ஆறு மாதம். குகேஷ்தான் பதில் என்றால் கேள்வியில் "பிளவுபடாத உலகப் பட்டம்" என்ற சொற்கள் இருந்தே ஆக வேண்டும். 1993-க்கும் 2006-க்கும் இடைப்பட்ட எந்தக் கேள்வியிலும் எந்தப் பட்டம் என்று சொல்லிவிடுங்கள்.

ரேட்டிங்கில். ஆட்டக்காரரின் பலத்தைக் காட்டும் புள்ளிதான் ரேட்டிங். முன்னாள் உலக சாம்பியன் கார்ல்சனின் உச்ச ரேட்டிங் எவ்வளவு? ஃபிடேயின் அதிகாரபூர்வப் பட்டியலில் 2882, மே 2014. ஆட்டத்துக்கு ஆட்டம் கணக்கிடும் நேரலைப் பட்டியலில் 2889, அதற்கு முந்தைய மாதம். இரண்டையும் மனப்பாடமாக வைத்திருப்பவர்கள் அரங்கில் கட்டாயம் இருப்பார்கள். இன்னொன்று: இந்தப் புள்ளிகளைக் கணக்கிடும் எலோ முறையை ஃபிடே ஏற்றுக்கொண்டது 1970-ல்தான். அதற்கு முந்தைய உலக சாம்பியன்களான கபாபிளாங்காவின் ரேட்டிங், லாஸ்கரின் ரேட்டிங் என்று கிடைப்பதெல்லாம் பிற்காலத்தில் பின்னோக்கிப் போட்ட கணக்கு. ஆளுக்கு ஆள் எண் மாறும். அந்தக் கேள்வியே வேண்டாம்.

"முதல்" என்ற சொல்லில். முதல் பெண் கிராண்ட்மாஸ்டர் யார் என்று கேட்டால் நோனா கப்ரிந்தாஷ்விலி. ஃபிடே அவருக்கு 1978-ல் பட்டம் கொடுத்தது. ஆனால் அவர் வழக்கமான நார்ம் (பட்டத்துக்காகப் போட்டிகளில் எட்ட வேண்டிய தேர்ச்சி) நிபந்தனைகளை முழுதாக முடித்திருக்கவில்லை. ஆண்களுக்குரிய அதே நார்ம், ரேட்டிங் வழியில் முதலில் பட்டம் பெற்றவர் சூசன் போல்கார், 1991 ஜனவரியில். "எந்த ஆண்டு, எந்த வழியில்" என்பதைக் கேள்விக்குள்ளேயே வைத்தால் இரண்டு பேரைப் பற்றியும் இரண்டு நல்ல கேள்விகள் கிடைக்கும். கூடவே, பெண்களுக்கான தனிப் பட்டமான மகளிர் கிராண்ட்மாஸ்டர் வேறு என்பதை வினா நடத்துபவர் மறந்துவிடக் கூடாது.

சாதனையில். கண்ணைக் கட்டிக்கொண்டு ஆடும் ஆட்டத்தில் மிகேல் நஜ்டோர்ஃப் 1947-ல் சாவ் பாவ்லோவில் ஒரே நேரத்தில் 45 பலகைகளில் ஆடினார். பழைய துணுக்குகளில் அது இன்றும் "உலக சாதனை" என்றே கிடக்கும். 2011-ல் மார்க் லாங் 46, 2016-ல் தைமூர் கரயேவ் 48 என்று அது எப்போதோ உடைந்துவிட்டது. இளம் கிராண்ட்மாஸ்டர் சாதனையும் அப்படித்தான்: 1958-ல் 15 வயது ஃபிஷர், 1991-ல் அவரைவிடச் சில வாரம் இளையவராக ஜூடித் போல்கார், 2002-ல் 12 வயது 7 மாதத்தில் கர்யாகின், 2021-ல் 12 வயது 4 மாதத்தில் அபிமன்யு மிஸ்ரா. (குகேஷ் கர்யாகினின் சாதனையைத் தவறவிட்டது வெறும் 17 நாளில். போட்டியில் போட அருமையான எண்.) சாதனைக் கேள்வி எதிலும் "இன்று" என்று எழுதாமல் ஆண்டைக் குறிப்பிடுங்கள்.

நாட்டில். பழைய உலக சாம்பியன்கள் மூவரைப் பாருங்கள். ஸ்டைனிட்ஸ் பிராகில் பிறந்தவர், பிறகு அமெரிக்கக் குடிமகன். அலேகின் மாஸ்கோவில் பிறந்தவர், உலகப் பட்டம் வென்ற 1927-லேயே பிரெஞ்சுக் குடியுரிமை பெற்றவர். தால் ரீகாவில் பிறந்து சோவியத் கொடியின் கீழ் ஆடியவர். "எந்த நாட்டுக்காரர்" என்பதை விட்டுவிட்டு "எந்த நகரில் பிறந்தார்" என்று கேளுங்கள்.

ஒரு கேள்வியைச் செதுக்குவது

1971-ல் ஃபிஷரிடம் 6–0 என்று தோற்ற கிராண்ட்மாஸ்டர் யார்? கேட்க நன்றாக இருக்கிறது, பதில் இரண்டு. வான்கூவரில் மார்க் தைமனோவ், டென்வரில் பென்ட் லார்சன். அப்படியென்றால் இசையைச் சேர்ப்போம்: இசைக்கலைஞராகவும் இருந்த சோவியத் கிராண்ட்மாஸ்டர் யார்? இப்போது பாரிடோன் பாடகரான ஸ்மிஸ்லோவ் உள்ளே வந்துவிடுகிறார். இரண்டையும் பின்னினால்தான் ஒரே ஆள் மிஞ்சுகிறார்:

"முதல் மனைவியுடன் சேர்ந்து இரட்டைப் பியானோ கச்சேரிகள் செய்து புகழ் பெற்ற இந்த சோவியத் கிராண்ட்மாஸ்டர், 1971-ல் வான்கூவரில் ஃபிஷரிடம் ஓர் ஆட்டம்கூட டிரா செய்ய முடியாமல் தோற்றார். யார்?"

வரிசையைக் கவனியுங்கள். பலருக்குத் தெரியாத குறிப்பு முன்னால், தெரிந்த குறிப்பு பின்னால். பஸர் வைத்து நடத்தும்போது ஆழமாகப் படித்தவர் முதல் வரியிலேயே அமுக்குவார். மற்றவர்கள் வான்கூவர் வரை காத்திருப்பார்கள். மாற்றிப் போட்டால் "வான்கூவர்" என்ற சொல்லோடு கேள்வி செத்துவிடும். பதில் சொன்ன பிறகு ஒரு வரி கூடுதலாகச் சொல்ல வைத்திருங்கள்: ஊர் திரும்பியபோது சுங்கச் சோதனையில் அவர் பெட்டியில் தடைசெய்யப்பட்ட புத்தகம் ஒன்று அகப்பட்டது, தோல்விக்கான தண்டனை அந்தச் சாக்கில் வந்தது. கூட்டம் நினைவில் வைத்திருப்பது பெரும்பாலும் அந்த ஒரு வரியைத்தான்.

செஸ்ஸுக்கு வெளியே வாழ்க்கை கொண்டவர்களை வைத்து ஒரு சுற்று முழுவதையும் நிரப்பலாம். கணிதத்தில் முனைவர் பட்டம் பெற்ற லாஸ்கர் (அவர் பெயரில் ஒரு தேற்றமே உண்டு), கணித ஆசிரியராக இருந்து பின்னாளில் ஃபிடே தலைவரான யூவ, மின் பொறியாளர் பொத்வின்னிக். 4538 என்ற எண்ணுள்ள சிறுகோள் ஆனந்தின் பெயரைத் தாங்கியிருப்பதையும் இங்கே சேர்க்கலாம்.

பெயர்கள்

"போல்கார்" என்று மட்டும் எழுதிய விடைத்தாளுக்கு மதிப்பெண் உண்டா? சகோதரிகள் மூவர், முதற்பெயர் கட்டாயம் என்று தொடக்கத்திலேயே அறிவித்துவிடுங்கள். பர்ன் இன்னும் மோசம்: 13 வயதில் ஃபிஷர் 1956-ல் ஆடிய புகழ்பெற்ற ஆட்டம் டோனல்ட் பர்னுக்கு எதிராக, 1963-64 அமெரிக்க சாம்பியன்ஷிப்பில் அவர் அழகாக வென்றது அண்ணன் ராபர்ட் பர்னை. எழுத்துப்பிழைக்கு மதிப்பெண் வெட்டாதீர்கள். ஃபிஷர், பிஷ்ஷர், தால், டால் எல்லாம் காதில் ஒன்றுதான்.

கதைகளை வடிகட்டுவது

1914-ல் செயின்ட் பீட்டர்ஸ்பர்கில் ஜார் மன்னர் ஐந்து பேருக்குக் கிராண்ட்மாஸ்டர் பட்டம் சூட்டினார் என்ற கதை எல்லாத் தொகுப்பிலும் இருக்கும். அதற்கு அந்தக் காலத்துச் சான்று கிடைக்கவில்லை. அந்தச் சொல்லும் அதற்கு முன்பே புழக்கத்தில் இருந்தது. உறுதியாகக் கேட்கக்கூடியது, ஃபிடே முறைப்படி பட்டத்தைத் தொடங்கிய 1950-ஆம் ஆண்டும் அப்போது பெற்ற 27 பேரும். பொன்மொழிகளை வைத்துக் கேள்வி கேட்காமலிருப்பதே நல்லது. ஒரே வாக்கியம் நான்கு ஜாம்பவான்களின் பெயரில் உலவுகிறது. ஆட்டம் சம்பந்தப்பட்ட தகவலானால் நகர்வுகளைப் பலகையில் ஓட்டிப் பார்த்தபின் எழுதுங்கள்.

"யார் வென்றார்" என்பதையும் ஒருமுறை யோசித்துக் கேளுங்கள். 1984-85 கார்ப்பவ்–காஸ்பரோவ் போட்டி 48 ஆட்டங்களுக்குப் பிறகு, கார்ப்பவ் 5–3 என முன்னிலையில் இருந்தபோது நிறுத்தப்பட்டது. வென்றவர் யாருமில்லை. 1951-ல் பொத்வின்னிக்–பிரான்ஸ்டைன் 12–12. பட்டம் மட்டும் பொத்வின்னிக்கிடம் தங்கியது.

படக் கேள்வி

சுற்றுக்கு ஒன்று போதும். 2006-ல் பான் நகரில் டீப் ஃப்ரிட்ஸ் கணினிக்கு எதிரான இரண்டாவது ஆட்டம்: கறுப்புக் காய்களுடன் ஆடிய கிராம்னிக் ராணியை e3-க்கு நகர்த்தியவுடன் உள்ள நிலையைத் திரையில் போடுங்கள். வெள்ளை ஒரே நகர்வில் மேட் செய்ய வேண்டும், ராணி h7. இதை 20 விநாடியில் கண்டுபிடிப்பார்கள். கறுப்பில் ஆடியது யார் என்பதை அடுத்த கேள்வியாக்குங்கள். உலக சாம்பியன் என்று தெரியும்போது அரங்கில் எழும் சத்தம் தனி. படத்தில் a1 கறுப்புக் கட்டமாகக் கீழே இடப்பக்கம் இருக்கிறதா, யாருடைய முறை என்று எழுதியிருக்கிறதா என்று இருமுறை பாருங்கள். படத்தைத் தலைகீழாக ஒட்டுவதுதான் இங்கே நிரந்தரப் பிழை.

சமநிலை வந்தால்

எண் கேள்வி வையுங்கள். நெருங்கிய எண் சொன்னவருக்கு வெற்றி. பலருக்கும் தெரிந்த எண் உதவாது, மேலே சொன்ன கார்ப்பவ்–காஸ்பரோவ் போட்டியின் 48 அப்படிப்பட்டது. 2021 துபாயில் கார்ல்சன்–நெப்போம்னியாஷி ஆறாவது ஆட்டத்தின் நகர்வுகள் எத்தனை என்பது (136) நன்றாக வேலை செய்யும். 1916 முதல் 1924 வரை கபாபிளாங்கா தோற்காமல் ஆடிய ஆட்டங்கள் எத்தனை என்பது இன்னும் மேல்: எட்டு ஆண்டு என்றதும் எல்லோரும் இருநூறு, முந்நூறு என்று எழுதுவார்கள். விடை 63.