லயத்துல டொக்கியுமென்டரி எடுக்கப் போறீங்களா, குட்டின்யோ வழியப் பாருங்க

நம்ம இலங்கை மலையகத்துத் தேயிலைத் தோட்டத்தப் பத்தியும், தொழிலாளிங்க குடியிருக்குற வரிசை வீடான லயத்தப் பத்தியும் எடுக்குற வீடியோ முக்காவாசி ஒரே மாதிரிதான் வருது, பனி, மலை, கூடையோட பொம்பளைங்க, பின்னால சோக மியூசிக், அவங்க வாயத் தொறந்து ரெண்டு வார்த்த பேசுறதுக்குள்ள வெட்டிர்றாங்க. எனக்கு அதப் பாத்தா மனசு தாங்காது. எடுக்க முந்தி பிரேசில் டொக்கியுமென்டரி டைரக்டர் எடுவார்டோ குட்டின்யோ என்ன செஞ்சார்னு தெரிஞ்சுக்கங்க.

1962ல கொன்னு போட்ட ஒரு விவசாய சங்கத் தலைவரப் பத்தி அவர் 1964ல படம் எடுத்தார், தலைவரோட சம்சாரம் எலிசபெத் டெய்ஷெய்ராவே அவங்களா நடிச்சாங்க. ராணுவம் ஆட்சியப் புடிச்சதும் ஷூட்டிங் நின்னுச்சு, சாமான அள்ளிட்டுப் போயிட்டாங்க, ஆனா நெகட்டிவ்ல பெரும்பகுதிய முந்தியே ரியோ லேப்புக்கு அனுப்பியிருந்ததால அது தப்பிச்சுது. 1981ல திரும்பப் போய், பேர மாத்தி ஒளிஞ்சு வாழ்ந்த எலிசபெத்தக் கண்டுபுடிச்சார், அவங்க பிள்ளைங்க ஆளுக்கொரு பக்கம் செதறிக் கெடந்தாங்க. பழைய காட்சிய அதுல நடிச்ச ஆளுங்களுக்கே போட்டுக் காட்டி, அவங்க பாக்குறதையும் படம் புடிச்சார். 1984ல படம் வந்துச்சு. அதே 1964லதான் நம்ம ஆளுங்கள்ல பல லட்சம் பேர இந்தியாவுக்கு அனுப்ப முடிவெடுத்த சிறிமா சாஸ்திரி ஒப்பந்தம், அப்பிடிப் போனவங்கள அழுது வழியனுப்புன ரயிலான ஒப்பாரிக் கோச்சியில பிரிஞ்ச குடும்பம் இல்லாத லயம் எது சொல்லுங்க.

அதனால மொதல்ல எடம் ஒன்னுதான், ஒரே லயம் போதும். குட்டின்யோ பின்னால ரியோவுல ஒரே ஒரு அடுக்குமாடிய மட்டும் வச்சு 2002ல முழுப் படம் எடுத்தார். அவரோட டீம் ஆளுங்க முந்திப் போய் பேசிட்டு வருவாங்க, அவர் கெமரா ஓடும்போதுதான் ஆள மொத தடவ பாப்பார், அதனால கதை புதுசா வரும். நீங்களும் கூட்டாளிய முந்தி அனுப்புங்க.

காலைல வேலைக்குப் பேர் குடுக்குற பிரட்டு நேரத்துல போய் நிக்காதீங்க, கொழுந்து நிறுத்துட்டு அலுத்து வர்றவங்களயும் புடிக்காதீங்க, ஞாயித்துக்கிழமை மத்தியானத்துக்கு மேல போங்க. தகரத்துல மழ விழுந்தா ஒன்னும் கேக்காது, அதனால சட்டையில மாட்டுற சின்ன மைக் கட்டாயம் வேணும், அப்பவும் மழ பலமா அடிச்சா நிப்பாட்டிட்டு டீ குடிச்சுக்கிட்டு சும்மா பேசிக்கிட்டு இருங்க.

கேள்விதான் உயிர். "கஷ்டமா இருக்கா அம்மாயி"ன்னு கேட்டா ஆமான்னு ஒரு வார்த்ததான் வரும். கூடப்பொறந்தவங்க யாராச்சும் இந்தியாவுக்குப் போனாங்களா, அன்னைக்கு ஸ்டேசன் வரைக்கும் யார் யார் வந்தாங்க, கையில என்ன குடுத்து விட்டீங்க, இப்பிடிக் கேளுங்க. கேட்டுட்டு வாய மூடிக்கங்க. அவங்க பாதியில நிப்பாட்டுனா அடுத்த கேள்விக்கு ஓடாதீங்க, அந்த அமைதிக்குப் பொறகுதான் பெரிய விசயம் வரும். எடிட் பண்ணும்போது அந்த அமைதியையும் விடுங்க, மியூசிக் வேணாம்.

அன்னைக்கே எல்லாத்தையும் இன்னொரு எடத்துல கொப்பி பண்ணி வைங்க. வெளிய போட முந்தி அந்த லயத்துலயே வெள்ளத் துணி கட்டிப் போட்டுக் காட்டுங்க, நிர்வாகத்தப் பத்திப் பேசுனவங்ககிட்ட மொகமும் பேரும் வரலாமான்னு தனியா கூப்பிட்டுக் கேளுங்க, வேணாம்னா அந்தத் துண்டு எவ்வளவு நல்லா இருந்தாலும் வெட்டிருங்க, அவங்க நாளைக்கும் அதே மலைக்கு வேலைக்குப் போகணும்.